பாட்டி வேஷத்தின் கனம்

செஞ்சி வட்டாரத்தில் பாரதக் கூத்து நடக்கும் இரவுகளில் திரௌபதி வேஷம் கட்டுவது மரபாக ஆண்தான். மேலச்சேரி திரௌபதி அம்மனை ஆதி தெய்வமாகக் கொண்டாடும் ஊர்களில் இது யாருக்கும் உறுத்தியதில்லை. துகிலுரியும் கட்டத்தில் எதிரே உட்கார்ந்திருக்கும் பெண்கள் கண்ணீர் விட்டு அழுகிறார்கள். கட்டியவர் யார் என்று பார்க்காமல் வேஷம் நின்றதா என்று பார்க்கத் தெரிந்தவர்கள் இந்த ஊர்க்காரர்கள். நடிகை எஸ்.என்.லட்சுமியை அளக்க இதைவிட நேர்மையான அளவுகோல் கிடைக்காது.

விருதுநகர்ப் பக்கத்துக் கிராமத்திலிருந்து நாடகம் வழியே சினிமாவுக்கு வந்தவர் அவர். 1964இல் வந்த ‘சர்வர் சுந்தரம்’ படத்தில் நாகேஷுக்குத் தாய். இருவருக்கும் வயதில் பெரிய இடைவெளி கிடையாது. ஆனாலும் மகன் புகழின் உச்சியில் நிற்கும்போது அந்தத் தாய் இறப்பது நம்மை உலுக்குகிறது என்றால், அது நரைத்த விக் செய்த வேலையாக இருக்க முடியாது.

காலமெல்லாம் அம்மாவும் பாட்டியுமாகவே வந்தவரிடம் என்ன பெரிய வீச்சு என்று கேட்கலாம். பிற்காலத்தில் வேஷமே தேவைப்படவில்லை, உண்மையிலேயே வயதாகிவிட்டதே என்றும் சொல்லலாம். முதுமை மட்டும் போதுமென்றால் ‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) பாட்டியும் ‘மகாநதி’ (1994) மாமியாரும் ஒரே ஆளாகத் தெரிய வேண்டும். முன்னவர் கண்ணில் பட்டதையெல்லாம் கமுக்கமாகச் சுருட்டுபவர். திருடும் கையைவிடத் திருடாதவர்போல வைத்துக்கொள்ளும் முகத்துக்குத்தான் சிரிப்பு வருகிறது. பின்னவரோ கண்ணெதிரே குடும்பம் சிதைவதைத் தாங்குபவர். அதே முகம், அதே வயது; இடையில் நான்கே ஆண்டுகள். பாத்திரம் ஒரே உறவுமுறையில் அடைபட்டது எழுதியவர்களின் வறுமை. அதற்கான பழியை நடித்தவர் தலையில் கட்டுவது அநியாயம்.

நாடும் இந்தக் கலையைத் தாமதமாகத்தான் கண்டுகொண்டது. துணை நடிகைக்கான தேசிய விருதே 1984ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. ‘சர்வர் சுந்தரம்’ அதற்கு இருபது ஆண்டு மூத்தது. லட்சுமி அதற்காகக் காத்திருக்கவில்லை. ‘விருமாண்டி’யில் கிராமத்துக் கிழவியாக வந்தார், 2011இல் தொடங்கிய ‘சரவணன் மீனாட்சி’ தொடரில் சின்னத்திரைப் பாட்டியானார். 2012 பிப்ரவரி 20 அன்று சென்னையில் காலமாகும்வரை அவரை நம்பி எழுதப்பட்ட பாத்திரங்கள் இருந்தன.