எம்மானுவேல் ரிவா: 32 வயதிலும் 85 வயதிலும்

2013 பிப்ரவரி 24, ஆஸ்கர் விழா. அன்று எம்மானுவேல் ரிவாவுக்கு 86வது பிறந்தநாள். சிறந்த நடிகைக்கான பட்டியலில் அதுவரை இடம்பிடித்தவர்களிலேயே மூத்தவர் அவர். மிக இளையவரான 9 வயதுச் சிறுமி குவென்ஜனே வாலிஸும் அதே பட்டியலில் இருந்தார். விருது ஜெனிஃபர் லாரன்ஸுக்குப் போனது. ஆனால் பலருக்கும் மனதில் நின்றது பிரான்சிலிருந்து வந்திருந்த அந்த மூதாட்டிதான். இத்தனை காலம் இவர் எங்கிருந்தார் என்ற கேள்வியும் கூடவே எழுந்தது.

அவர் எங்கும் போய்விடவில்லை. கிழக்கு பிரான்சின் வோஜ் மாவட்டத்தில் 1927இல் பிறந்தவர், இயற்பெயர் பௌலெட். தந்தை பெயர்ப்பலகை எழுதுபவர். மகள் தையல் வேலை பார்த்தபடி உள்ளூர் நாடகங்களில் நடித்தார். செய்தித்தாளில் வந்த நாடகப் பள்ளி விளம்பரத்தைப் பிடித்துக்கொண்டு பாரிஸுக்கு ரயிலேறியபோது வயது 26. நடிகையாவதற்குத் தாமதம் என்று அன்று யாராக இருந்தாலும் சொல்லியிருப்பார்கள்.

மேடையில் நடித்துக்கொண்டிருந்தவரை இயக்குநர் அலென் ரெனே ஹிரோஷிமாவுக்கு அழைத்துப்போனார். அணுகுண்டைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும்படி முதலில் ரெனேயிடம் சொல்லியிருந்தார்கள். அதை ஆவணப்படமாக எடுக்க முடியாது என்று உணர்ந்த ரெனே, எழுத்தாளர் மார்கெரித் துராஸிடம் கதை கேட்டார். 1959இல் வெளிவந்த ‘ஹிரோஷிமா மோன் அமூர்’ அப்படிப் பிறந்தது. போர்க்காலத்தில் ஜெர்மன் சிப்பாயைக் காதலித்ததற்காகத் தலைமுடி மழிக்கப்பட்ட பிரெஞ்சுப் பெண்ணாக ரிவா வருகிறார். நிலவறையில் பூட்டப்பட்ட அவர், சுவரில் விரல்களைத் தேய்த்துக் கசியும் ரத்தத்தை நாவால் தொடுவார். பார்த்தவர்களுக்கு மறக்காத காட்சி அது. படப்பிடிப்பு இல்லாத நேரத்தில் ரிவா ஹிரோஷிமாவின் தெருக்களையும் குழந்தைகளையும் கேமராவில் எடுத்துவைத்தார். அரை நூற்றாண்டு கழித்துத்தான் அந்தப் படங்கள் புத்தகமாயின.

அடுத்தடுத்து ‘காபோ’, இயக்குநர் மெல்வில்லின் ‘லியோன் மொரென்’ ஆகிய படங்கள். 1962இல் ‘தெரேஸ் தெஸ்கெரூ’வுக்காக வெனிஸ் விழாவில் சிறந்த நடிகை விருது. அந்த அலையிலேயே ஏறிப் பெரிய நட்சத்திரமாகியிருக்கலாம். வணிகப் பட வாய்ப்புகள் பலவற்றை மறுத்துவிட்டதாகப் பின்னாளில் அவரே சொன்னார். பிறகு நாடகம், தொலைக்காட்சிப் படங்கள், கவிதை என்று ஆண்டுகள் ஓடின. இந்த நடுப்பகுதியை வெற்றிடம் என்று தாண்டிப்போகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கியின் ‘புளூ’வில் (1993) நினைவு தப்பிய தாயாகச் சில நிமிடங்களே வருகிறார். பார்க்க வந்த மகளைத் தன் சகோதரி என்று நினைத்துப் பேசுகிறார், பக்கத்தில் தொலைக்காட்சி ஓடிக்கொண்டிருக்கிறது. வேலையை விடாமல் செய்துவந்த ஒருவரால்தான் இவ்வளவு சிக்கனமாக நடிக்க முடியும்.

அவரை ஆஸ்கர் பட்டியலுக்குக் கொண்டுபோன படம், இயக்குநர் மிஷேல் ஹனேக்கேயின் ‘அமூர்’ (2012), வந்தபோது அந்தச் சிக்கனம்தான் கைகொடுத்தது. காலைச் சாப்பாட்டு நேரம். பேசிக்கொண்டிருந்த ஆன் (ரிவா) சட்டென்று உறைந்துபோகிறார். கணவர் குழாயைத் திறந்து துணியை நனைத்து அவர் முகத்தில் ஒற்றுகிறார், அசைவில்லை. குழாயை மூடாமலே உடை மாற்ற உள்ளே போகிறார். திடீரென்று தண்ணீர்ச் சத்தம் நிற்கிறது. திரும்பி வந்தால், குழாயைத் திறந்துபோட்டதற்காக ஆன் அவரைக் கடிந்துகொள்கிறார். நடந்தது எதுவும் அவருக்கு நினைவில்லை. பிறகு தேநீர் ஊற்றுகிறார், அது கோப்பைக்கு வெளியே விழுகிறது. அழுகையோ இசையோ இல்லாமல், ஒரு வீட்டின் வாழ்க்கை முழுவதும் அந்த மேசையில் சரிந்துவிடுகிறது. கணவராக நடித்த ழான் லூயி திரெந்தினியாங்கின் பதறாத பதற்றமும் சேர்ந்துதான் காட்சி இப்படி நிற்கிறது.

படத்துக்குக் கான் விழாவில் தங்கப் பனை விருது கிடைத்தது. ரிவாவுக்கு பிரிட்டனின் பாஃப்டா விருதும், ஆஸ்கர் விழாவுக்கு இரண்டு நாள் முன்பு, வாழ்நாளின் முதல் பிரெஞ்சு செசார் விருதும் கிடைத்தன.

மறு ஆண்டு, 2014இல், பாரிஸின் அத்தலியே அரங்கில் மீண்டும் மேடையேறினார். எடுத்துக்கொண்டது துராஸின் ‘சவான்னா பே’ நாடகம். பாத்திரம், நினைவுகளைத் தேடும் ஒரு வயதான நடிகை. மூன்று ஆண்டு கழித்து, 2017 ஜனவரி 27 அன்று பாரிஸில் காலமானார்.