ஜெய்லானிக் குகைப்பள்ளி: வரலாறும் கட்டட அமைப்பும்

பள்ளிவாசற் கட்டடக்கலை பற்றிய ஆய்வுகள் மினாராக்களையும் குவிமாடங்களையுமே பெரும்பாலும் முதன்மைப்படுத்தி வந்துள்ளன. அரசும் செல்வமும் எழுப்பியவற்றையே கலையெனக் கொள்ளும் வர்க்க நோக்கின் விளைவு இது எனலாம். நாகூர்த் தர்காவின் 131 அடி உயரமான பெரிய மினாரா, தஞ்சை மராத்திய மன்னர் பிரதாபசிங்கின் கொடையாகும். அத்தகைய அரச ஆதரவின்றி உருவான சூபித் தலமொன்று இலங்கை மலைநாட்டின் தென்விளிம்பில் உண்டு. நுவரெலியா மாவட்டத்து ஹோர்ட்டன் சமவெளி தெற்கே செங்குத்தாகச் சரிந்து பலாங்கொடைப் பகுதியை நோக்கித் தாழ்கின்றது. அப்பகுதியில், கல்தொட்டைக்கு அண்மையிலுள்ள கூரகலப் பாறையில் அமைந்திருப்பதே தப்தர் ஜெய்லானி.

காதிரிய்யாத் தரீக்காவின் மூலவராகிய அப்துல் காதிர் ஜீலானி (1078–1166) பக்தாதில் வாழ்ந்தவர். தமிழ் பேசும் முஸ்லிம்கள் முஹியித்தீன் ஆண்டகை எனப் போற்றுபவர். பாவா ஆதம் மலையைத் தரிசிக்க வந்த அவர் இக்குகையில் தவமிருந்தார் என்பது மரபு. இதனை நேர்வரலாறாகக் கொள்ளுதல் இயலாது. ஆயின் ஐதீகங்களும் வெறுமையிற் பிறப்பதில்லை. 1344இல் இபின் பதூதா, ஆரியச் சக்கரவர்த்தியின் உதவியுடன் அம்மலைக்கு யாத்திரை சென்றமை அவரது பயணநூலால் அறியப்படுகின்றது. இந்துசமுத்திர வணிகம் பண்டங்களோடு பக்கிரிகளையும் தரீக்காக்களையும் கொணர்ந்தது. ஜெய்லானி ஐதீகம், பெயர் பதியப்படாத அத்தகைய யாத்திரிகர் பலரின் நடைப்பயணத்தை ஒரு மகானின் பெயரில் நினைவுகூர்கின்றது எனக் கொள்ளுதல் பொருந்தும்.

பள்ளிவாசலுக்கு இன்றியமையாதவை மக்காவை நோக்கிய திசையும், தொழுவோர் அணியாக நிற்பதற்கான இடமும், வுழூச் செய்ய நீருமே. ஏனையவை காலமும் செல்வமும் சேர்த்தவை. இங்கு முதற் கட்டடம் இயற்கைக் குகையே, பாறையே கூரை. பாறையைச் சார்ந்து பள்ளி எழுப்பப்பட்டது 1922இலேயே. குகைகளும் பிளவுகளும் பாறையுச்சியும் யாத்திரிகர் சுற்றிவரும் இடங்களாதலின், தலம் என்பது தனியொரு கட்டடமன்று. அந்நடைவழி முழுவதுமே ஆகும். ரபியுல் ஆகிர் மாதக் கொடியேற்றமும் பாவாக்களின் றாத்திபும் அதற்கு உயிரூட்டுவன. பள்ளியின் நிருவாகத்தை நெடுங்காலம் நடத்திய, பலாங்கொடைப் பாராளுமன்ற உறுப்பினராயிருந்த எம். எல். எம். அபூசாலி இதன் வரலாற்றை ஆங்கிலத்தில் நூலாக்கியுள்ளார்.

இதே பாறையில் கிறிஸ்துவுக்கு முற்பட்ட பிராமிச் சாசனங்களும் உள. குகைகள் பௌத்த துறவிகளின் உறைவிடமாயிருந்தமைக்கு அவை சான்று. அதற்கும் முன்னரே ஆதிமனிதர் இங்கு வாழ்ந்தமையை அகழ்வுகள் காட்டுகின்றன. ஒதுங்கிடம் தேடியோர், துறவிகள், பக்கிரிகள் என ஒரு சாரார் விட்ட இடத்தை இன்னொரு சாரார் பயன்படுத்தினர். ஒன்றன்மேலொன்றாய் அமைந்த இப்பயன்பாட்டு அடுக்குகளே கூரகலவின் வரலாறாகும்.

இவ்வரலாற்றை ஓர் அடுக்காகக் குறுக்கும் முயற்சிகளே அண்மைக்காலச் சிக்கலின் அடிப்படை. பௌத்த கடும்போக்கு அமைப்புகளின் கிளர்ச்சியையடுத்து 2013இல் கடைகளும் யாத்திரிகர் பயன்படுத்திய கட்டடங்கள் சிலவும் அகற்றப்பட்டன. பின்னர் அங்கு தாதுகோபம் எழுந்தது; 2022இன் அரச வெசாக் விழாவும் அங்கேயே நடந்தது. மறுபுறம், அவுலியா வழிபாட்டை ஏற்காத முஸ்லிம் சீர்திருத்தவாதிகளும் இத்தலத்தை நிராகரிக்கின்றனர். இரு தரப்பும் ‘தூய்மை’ பேசுகின்றன. இரண்டிலும் இழப்போர் சாதாரண யாத்திரிகரே.

‘முதலில் வந்தவர் யார்?’ என்ற வினா மலையகத்துக்குப் புதிதன்று. தேயிலை மலைகளைத் தம் உழைப்பால் உருவாக்கிய மக்களுட் பெரும்பாலாரை 1948ஆம் ஆண்டுப் பிரசாவுரிமைச் சட்டம் நாடற்றோராக்கியது. அங்கும் வாழ்வும் உழைப்பும் உரிமைக்குச் சான்றாக ஏற்கப்படவில்லை. எனவே ஜெய்லானிக் குகையைப் பேணுதல் ஒரு மதத்தாரின் தனிக் கோரிக்கையன்று. சாசனம் பொறித்தவரோடு, பொறிக்க இயலாது நடந்து தேய்ந்த கால்களையும் வரலாற்றுச் சான்றாக ஏற்பதா என்பதே இங்கு எழும் வினா.