மலையகத்திற் பொன்னர் சங்கர் கூத்து

மலையகத் தோட்டங்களில் விடியவிடிய ஆடப்பெறும் கூத்துக்களுள் பொன்னர் சங்கர் ஒன்று. கொங்கு நாட்டிற் குடியேறி, காடு திருத்திக் கழனியாக்கிய உழவர் குடும்பம் ஒன்றின் மூன்று தலைமுறைக் கதை அது. பங்காளிப் பகை, வேட்டுவரோடு பூசல், சங்கரின் சினம், தங்கையின் பாசம் யாவும் அதில் உண்டு. 1965இல் பாடகர் வாய்மொழியாகப் பிரெண்டா பெக் அம்மையார் கொங்கு நாட்டிற் பதிவுசெய்த இக்கதை, பின்னாளில் 26 பகுதிகளையுடைய இயங்குபடத் தொடராகவும் வெளிவந்தது.

இத்துணைக் காலம் இது மலையகத்தில் நிலைத்தமைக்குக் கதைச்சுவை ஒன்றே காரணமன்று. பத்தொன்பதாம் நூற்றாண்டிற் கோப்பித் தோட்டங்களை நாடி வந்தோர், மன்னார்க் கரையில் இறங்கி, தம்புள்ளை வழியே நடந்து மாத்தளையை அடைந்தனர். காய்ச்சலாலும் வாந்திபேதியாலும் வழியில் மாண்டோர் பலர். எஞ்சியோரும் காடு திருத்தினர். ஆயின் பொன்னர் குடும்பத்திற்கு நிலம் உரிமையாயிற்று. இவர்க்கோ லயத்து அறை ஒன்றே, அதுவும் தோட்டத்தின் உடைமை. 1948ஆம் ஆண்டுச் சட்டத்தாற் குடியுரிமையும் போயிற்று. அக்குறை 2003ஆம் ஆண்டுச் சட்டத்தாற் பெரிதும் நீங்கியது, நிலக்குறை நீங்கவில்லை.

படுகளத்தில் மாண்டு கிடக்கும் அண்ணன்மாரைத் தங்கை தேடி அலையும் கட்டத்தை, வழிநெடுகத் தம் முன்னோரைப் புதைத்து வந்தவர்களின் வழித்தோன்றல்கள் வெறுங் கதையாகக் காண்பது எங்ஙனம்?