அரசு வைத்த வாடகை பாக்கி: மூன்று ஆண்டைத் தாண்ட விடாதீர்கள்

விடியும் முன்பே போடிநாயக்கனூரில் ஜீப்புகள் கிளம்பிவிடுகின்றன. முந்தல் வழியாகப் போடிமெட்டு ஏறி, பூப்பாறை, சாந்தன்பாறைப் பக்கத்து ஏலத்தோட்டங்களுக்கு வேலைக்குப் போகும் பெண்களில் பலர் நம் காலனிகளைச் சேர்ந்தவர்கள். அவர்களின் சின்னக் குழந்தைக்கு அங்கன்வாடி. படிக்கும் பிள்ளைக்கு ஆதிதிராவிடர் நலத்துறை விடுதி. சொந்தக் கட்டடம் இல்லாத இடங்களில் இந்த இரண்டும் வாடகைக் கட்டடத்தில்தான் நடக்கின்றன.

அந்த வாடகை மாதாமாதம் வந்துவிடாது. நாலைந்து கட்டடம் வைத்திருப்பவர் அதைத் தாங்கிக்கொள்வார். தோட்டக் கூலியில் மிச்சம் பிடித்து, கடனும் வாங்கி, ஒரே ஒரு கட்டடம் எழுப்பிய நம்மவர் என்ன செய்வார்? காலனிக்குள் இருக்கும் கட்டடத்துக்கு ஊர்த்தெருக்காரர்கள் குடிவருவது அரிது. அரசை விட்டால் வேறு ஆள் இல்லை என்ற நிலையில் வாய்மூடி இருந்துவிடுகிறார்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். மாத வாடகை 5,000 ரூபாய். ஓராண்டு வாடகை முழுவதும் ஆண்டுக் கடைசியில் மொத்தமாக வருகிறது. இடையில் வீட்டுச் செலவுக்கு இரண்டு வட்டிக்குக் கடன் வாங்கினால், முதல் மாதத் தொகைக்கு 12 மாத வட்டி, அடுத்ததற்கு 11 மாதம் என்று கூட்டினால் 7,800 ரூபாய். ஒன்றரை மாத வாடகை வட்டிக்கே போய்விடுகிறது.

இதே கட்டடத்துக்கு நாம் நகராட்சிக்குச் சொத்துவரி கட்டத் தவறினால் மாதம் ஒரு சதவீதம் வட்டி போடுகிறார்கள். அரசுக்குப் பொருள் விற்கும் சிறு நிறுவனத்துக்கு 45 நாளுக்குள் பணம் தர வேண்டும், தவறினால் வட்டி தர வேண்டும் என்று 2006ஆம் ஆண்டுச் சட்டம் சொல்கிறது. வாடகைக்கு விட்டவருக்கோ, ஒப்பந்தத்தில் எழுதி வாங்கியதுதான் பலம்.

பணம் எங்கே நிற்கிறது?

வாடகை நியாயமானதுதான் என்று பொதுப்பணித்துறை சான்று தர வேண்டும். துறை அலுவலர் பில் போட வேண்டும். அதைக் கருவூலம் ஏற்க வேண்டும். ஒப்பந்தக் காலம் முடிந்து புதுப்பிக்காமல் இருந்தால் பில் திரும்பிவிடும். வாடகைத் தலைப்பில் ஒதுக்கீடு தீர்ந்துவிட்டாலும் நிற்கும். மார்ச் 31 தாண்டினால் அடுத்த ஆண்டு ஒதுக்கீட்டுக்குக் காத்திருக்க வேண்டும். "மேலிடத்திலிருந்து வரவில்லை" என்ற ஒரே பதிலுக்குப் பின்னால் இத்தனை படிகள் இருக்கின்றன. எந்தப் படியில் நிற்கிறது என்று கேட்டு வாங்க வேண்டியது நம் வேலை.

என்ன செய்யலாம்?

ஒப்பந்தம் எழுதும்போதே வாடகை தரும் தேதியையும், தவறினால் எத்தனை சதவீத வட்டி என்பதையும் சேர்க்கச் சொல்லுங்கள். போடி நகராட்சிக்குள் உள்ள கட்டடம் என்றால், 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் உள்ள வாடகைச் சட்டப்படி ஒப்பந்தத்தை வாடகை அதிகாரியிடம் பதிவு செய்யுங்கள். காலம் முடிவதற்கு மூன்று மாதம் முன்பே புதுப்பிக்க மனுக் கொடுங்கள்.

பாக்கி விழுந்தால் வாயால் கேட்பதோடு நிறுத்தாதீர்கள். எந்தெந்த மாதம், எவ்வளவு என்று எழுதி, வட்டியும் கோரி, ஒப்புகையுடன் விரைவுத் தபாலில் அனுப்புங்கள். பதில் இல்லையென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்துடன், பில் எந்தத் தேதியில் கருவூலத்துக்குப் போனது என்று கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். திங்கள்கிழமை ஆட்சியர் அலுவலகக் குறைதீர் கூட்டத்திலும் அந்த நகல்களோடு மனுக் கொடுங்கள்.

முக்கியமான ஒன்று: வாடகை பாக்கிக்கு வழக்குப் போட, அந்தத் தொகை கொடுக்கப்பட வேண்டிய நாளிலிருந்து மூன்று ஆண்டுதான் காலக்கெடு. 1963ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டம் அப்படிச் சொல்கிறது. அரசு மீது உரிமையியல் வழக்குப் போட, பொதுவாக இரண்டு மாதம் முன்பே நோட்டீஸ் கொடுக்க வேண்டும். "இன்று வரும், நாளை வரும்" என்று பொறுத்திருந்தால் பழைய மாதங்கள் ஒவ்வொன்றாகக் கையை விட்டுப் போகும்.

வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் எங்கே என்று தயங்க வேண்டாம். 1987ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 12ஆம் பிரிவுப்படி பட்டியல் சாதி, பழங்குடியினர் எவருக்கும் இலவச சட்ட உதவி உண்டு. அவர்களுக்கு வருமான வரம்பு கிடையாது. சாதிச் சான்றிதழோடு மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். 15100 என்ற எண்ணிலும் பேசலாம்.

கோபத்தில் விடுதிக்கோ அங்கன்வாடிக்கோ பூட்டுப் போட்டால் தெருவில் நிற்பது நம் பிள்ளைகள்தான். அதைத் தெரிந்தே பொறுத்துக்கொள்கிறார் கட்டடக்காரர். அந்தப் பொறுமையை அதிகாரிகள் கடன் வசதியாக எடுத்துக்கொள்ளக் கூடாது. வாடகை ஒழுங்காக வராத இடத்தில் அடுத்து யாரும் கட்டடம் தர முன்வர மாட்டார்கள். விடுதி ஊரை விட்டுத் தள்ளிப் போகும். மலைக்குப் போகும் தாய்க்குப் பிள்ளையை விட இடம் இருக்காது.

விடுதியில் படிக்கும் மாணவர்கள் இந்த மனுக்களை எழுதிக் கொடுக்க முன்வர வேண்டும். ஒரு மாலை நேரம் போதும்.