கடன் பாக்கி வசூலுக்குக் காவல் நிலையம் வழியல்ல



மயிலாப்பூரில் மளிகைக் கடை வைத்திருக்கும் ஒருவர், பாரிமுனை மொத்தக் கடையில் கடனுக்குச் சரக்கு எடுத்தார். வியாபாரம் மந்தமாகிப் பாக்கி நின்றுவிட்டது என்று வைத்துக்கொள்வோம். ஒரு நாள் காலையில், "ஸ்டேஷனிலிருந்து பேசுகிறோம், ஐயா வரச் சொன்னார்" என்று போன் வருகிறது. போனால், "எப்போது பணம் தருவாய்? எழுதிக் கொடு" என்கிறார்கள். இப்படி நடந்தால் நாம் கொதிக்கிறோம். ஆனால் நமக்கு வரவேண்டிய பாக்கி என்றால், அதே ஸ்டேஷன் வாசலில் நாமே போய் நிற்கிறோம். இதையும் ஒளிக்காமல் சொல்லத்தான் வேண்டும்.

வாங்கிய கடனைத் தராமலிருப்பது மட்டுமே குற்றமாகாது; அது சிவில் விவகாரம். வாங்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்திருந்தால்தான் மோசடி.

சென்னையைச் சேர்ந்த என்.இ.பி.சி. இந்தியா நிறுவனத்துக்கு இந்தியன் ஆயில் கார்ப்பரேஷன் விமான எரிபொருள் வழங்கி, கோடிக்கணக்கில் பாக்கி நின்ற வழக்கு நமக்கு நல்ல பாடம். 2006இல் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், சிவில் தாவாவைக் கிரிமினல் வழக்காக மாற்றும் போக்கு வியாபார வட்டாரத்தில் வளர்ந்து வருவதைக் கண்டித்தது. சிவில் வழக்கு இழுத்தடிக்கும் என்ற எண்ணமே இதற்குக் காரணம் என்றும் சொன்னது. அந்த வழக்கிலேயே நம்பிக்கை மோசடிக் குற்றச்சாட்டைத் தள்ளிவிட்டு, ஏமாற்றுதல், சேதம் விளைவித்தல் ஆகியவற்றை மட்டும் விசாரிக்க அனுமதித்தது. உண்மையான குற்றம் இருந்தால் சட்டம் தடுப்பதில்லை என்பதே இதன் பொருள்.

ஸ்டேஷனுக்கு நடப்பதில் இன்னொரு ஆபத்தும் உண்டு. சரக்குக் கொடுத்த நாளிலிருந்து, தவணை பேசியிருந்தால் அது முடிந்த நாளிலிருந்து, 3 ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். போலீசில் மனுக் கொடுத்ததால் இந்தக் கெடு நின்றுவிடாது. ஆகவே கெடு முடியுமுன் பாக்கித் தொகையை ஒப்புக்கொண்டு கையெழுத்து வாங்கி வைத்தால், அன்றிலிருந்து புதிதாக 3 ஆண்டு கிடைக்கும். மிரட்டி வாங்கிய எழுத்தோ, கோர்ட்டில் ரத்தாகக்கூடியது.

முறையான வழிகள் இவை:

செக் திரும்பினால், பாங்கு தகவல் கிடைத்த 30 நாளுக்குள் நோட்டீஸ் அனுப்ப வேண்டும். நோட்டீஸ் கிடைத்த 15 நாளுக்குள் பணம் வராவிட்டால், அடுத்த ஒரு மாதத்துக்குள் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் நேரே புகார் செய்யலாம். உங்கள் கணக்கு தி.நகர் கிளையில் இருந்தால், அந்த எல்லைக்குரிய கோர்ட்டே போதும்.

புரோநோட்டு இருந்தால் சுருக்கு முறை வழக்குப் போடலாம். 3 லட்சமும் அதற்கு மேலும் உள்ள வணிகத் தாவாக்களில், அவசரத் தடையுத்தரவு தேவைப்பட்டாலொழிய, முதலில் சட்டப் பணிகள் ஆணைக்குழு மூலம் சமரச முயற்சி செய்தாக வேண்டும். அந்தக் காலம் 3 ஆண்டுக் கெடுவில் சேராது.

நம்மை ஸ்டேஷனுக்கு அழைத்தால் என்ன செய்வது? பதற வேண்டாம், ஒளியவும் வேண்டாம். வியாபாரத் தகராறில் எஃப்.ஐ.ஆர். போடுமுன் பூர்வாங்க விசாரணை செய்யலாம் என்று 2013இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் அது குற்றம் நடந்ததா என்று பார்க்கத்தான்; பணம் வசூலிக்க அல்ல. எழுத்து மூலம் அழைப்பு கேளுங்கள். 2024 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 35, 179 பிரிவுகள் அப்படித்தான் சொல்கின்றன. வக்கீலுடன் செல்லுங்கள். பில், லெட்ஜர் நகல்களோடு, இது சிவில் தாவா என்று எழுதிக் கொடுத்து நகலில் முத்திரை வாங்குங்கள். வெற்றுத் தாளில் கையெழுத்திடாதீர்கள். தொல்லை தொடர்ந்தால் வேப்பேரி கமிஷனர் அலுவலகத்துக்கு ஸ்பீடு போஸ்டில் புகார் அனுப்பலாம். உயர் நீதிமன்றத்தில் மனுவும் போடலாம்.

இன்று நாம் அடுத்தவருக்குக் காட்டும் ஸ்டேஷன் வாசல், நாளை நமக்கும் திறக்கும். கணக்கைக் கையெழுத்தோடு வைத்திருப்பவருக்குக் கோர்ட்டே போதும்.