வேலையற்றவராக நடித்தார், வேலையை இழந்தார்

உலகின் தலைசிறந்த படங்கள் எவை என்ற பேச்சு எழும்போதெல்லாம் தவறாமல் இடம்பெறும் இத்தாலியப் படம் ‘பைசைக்கிள் தீவ்ஸ்’. 1948-இல் வெளிவந்த அப்படத்தை இயக்கிய விட்டோரியோ டி சிகாவின் பெயர், திரைப்படக்கலை பயிலும் மாணவர்களுக்கு நன்கு தெரியும். ஆனால் அதன் நாயகன் யார்? லம்பெர்தோ மஜ்ஜொரானி என்ற பெயரைக் கேட்டால் பலரும் யோசிப்பார்கள்.

1909-இல் ரோமில் பிறந்த மஜ்ஜொரானி நடிகர் அல்லர். பிரேடா தொழிற்சாலையில் கடைசல் இயந்திரத்தில் வேலை பார்த்தவர்.

கேரி கிராண்ட் வேண்டாம்!

இரண்டாம் உலகப் போர் முடிந்த காலம் அது. ரோமின் புகழ்பெற்ற சினிசித்தா படப்பிடிப்புக் கூடம் அகதிகளின் முகாமாக மாறியிருந்தது. இயக்குநர்கள் கேமராவுடன் தெருவில் இறங்கினார்கள். சாதாரண மக்களையே நடிக்க வைத்தார்கள். இந்தப் போக்கே ‘நவ யதார்த்தவாதம்’ எனப்பட்டது.

ஹாலிவுட் தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் இப்படத்திற்குப் பணம் தர முன்வந்தார். ஆனால், நட்சத்திர நடிகர் கேரி கிராண்ட்தான் நாயகன் என்று நிபந்தனை விதித்தார். டி சிகா மறுத்துவிட்டார். அப்போதுதான், படத்தில் வரும் சிறுவன் வேடத்திற்குத் தம் மகனை அழைத்து வந்தார் மஜ்ஜொரானி. வாய்ப்பு மகனுக்குக் கிடைக்கவில்லை, தகப்பனுக்குக் கிடைத்தது. ஒரு தொழிலாளியின் கைகளும் நடையும் முகமும் டி சிகாவுக்குப் போதுமானவையாக இருந்தன.

படத்தில் அவர் அந்தோனியோ ரிச்சி. நீண்ட நாள் வேலையில்லாமல் இருந்தவருக்குச் சுவரொட்டி ஒட்டும் வேலை கிடைக்கிறது. அதற்குச் சைக்கிள் கட்டாயம் வேண்டும். மனைவி படுக்கை விரிப்புகளை அடகு வைத்து, அடகிலிருந்த சைக்கிளை மீட்கிறாள். வேலைக்குச் சென்ற முதல் நாளே அது திருட்டுப் போகிறது. மகனோடு ரோம் முழுவதும் தேடி அலைந்தும் கிடைக்காமல், கடைசியில் அவரே ஒரு சைக்கிளைத் திருட முயன்று, மகன் கண் முன்னே பிடிபடுகிறார்.

படத்திற்கு 1950-இல் சிறப்பு ஆஸ்கார் விருது வழங்கப்பட்டது. 1952-இல் பிரிட்டனின் ‘சைட் அண்ட் சவுண்ட்’ இதழ் விமர்சகர்களிடையே நடத்திய வாக்கெடுப்பில் உலகின் மிகச் சிறந்த படமாக அது முதலிடம் பிடித்தது.

திரும்பிச் சென்றபோது

நடித்ததற்காக மஜ்ஜொரானிக்குக் கிடைத்த ஊதியம் சுமார் 6 லட்சம் லீரா. வீட்டுக்குப் புதிய தளவாடங்கள் வாங்கினார். குடும்பத்தை விடுமுறைக்கு அழைத்துச் சென்றார். படம் முடிந்ததும் பழைய வேலைக்கே திரும்பிவிட வேண்டும் என்று டி சிகா அவரிடம் முன்பே சொல்லியிருந்தார். அவரும் திரும்பினார்.

ஆனால் தொழிற்சாலையில் ஆட்குறைப்பு வந்தது. சினிமாவில் நன்றாகச் சம்பாதித்தவர் என்ற எண்ணத்தில், மற்ற ஏழைத் தொழிலாளர்களுக்குப் பதிலாக அவரை நீக்குவதே நியாயம் என நிர்வாகம் கருதியது. வேலையில்லாத மனிதராக நடித்து உலகையே கலங்க வைத்தவர், உண்மையிலேயே வேலையை இழந்தார்.

பிறகு கட்டுமான வேலை பார்த்தார். சினிமாவில் சிறு வேடங்களே கிடைத்தன. 1962-இல் இயக்குநர் பசோலினி ‘மம்மா ரோமா’ படத்தில் அவரை மருத்துவமனை நோயாளியாக நடிக்க வைத்தார். ஓர் இளைஞன் அந்த நோயாளியிடமிருந்து வானொலிப் பெட்டியைத் திருட முயல்வான். சைக்கிளைப் பறிகொடுத்தவரை அறிந்த ரசிகர்களுக்கு அந்தக் காட்சியின் பொருள் உடனே புரிந்திருக்கும். மஜ்ஜொரானி 1983-இல் ரோமில் காலமானார்.

யார் பொறுப்பு?

இதில் டி சிகாவை வில்லனாக்குவது எளிது, ஆனால் சரியன்று. நட்சத்திரத்தை ஒதுக்கி, ஒரு தொழிலாளியை நம்பியவர் அவர். ‘பழைய வேலைக்குப் போ’ என்று சொன்னதும் அக்கறையால்தான். ஆயினும் கேமரா தொட்ட பிறகு மஜ்ஜொரானியைத் தொழிற்சாலை நட்சத்திரமாகப் பார்த்தது. திரையுலகமோ தொழிலாளியாகவே பார்த்தது. இரண்டு பக்கமும் அவருக்கு இடமில்லாமல் போனது.

இன்று கல்லூரிப் பணிக்காகக் கைப்பேசியிலேயே ஆவணப்படம் எடுக்கும் மாணவர்கள் பலர். அங்காடிக் கடைக்காரர், துப்புரவுத் தொழிலாளி, தனித்து வாழும் முதியவர் என உண்மையான மனிதர்களைத் தேடிப் போகிறோம். அவர்களிடம் அனுமதி கேட்கும்போது இன்னொன்றையும் கேட்டுக்கொள்வது நல்லது: இந்தக் காணொளி பரவிய மறுநாள், இவர் வேலைக்குப் போகும் இடத்தில் என்ன நடக்கும்?