ஜோகூர் நீரிணையில் நால்வர்

மாணவ நண்பர்களே, தருமபுரி மாவட்டத்து வத்தல்மலையில் இருந்துகொண்டு நான் கடற்போரைப் பற்றிப் பேசுவது உங்களில் சிலருக்கு வேடிக்கையாகத் தோன்றலாம். காப்பியும் மிளகும் சாமையும் விளையும் இம்மலையிலிருந்து எத்திசை நோக்கினாலும் குன்றுகளும் சமவெளியுமே கண்ணில் படும். கடலின் உப்புக் காற்று இங்கு எட்டுவதில்லை. எனினும், நீருக்கடியில் நடக்கும் போர் எத்தகையது என்பதை விளக்க இம்மலையே எனக்கு நல்லதோர் அளவுகோலாக அமைகிறது. கடற்கரையிலிருந்து புறப்பட்டு, ஆயிரம் மீட்டருக்கு மேல் உயர்ந்த இவ்விடத்திற்கு வந்து சேரும் ஒருவர்மீது காற்றின் அழுத்தம் ஏறக்குறையப் பத்தில் ஒரு பங்கு குறைகிறது. அதே அளவு அழுத்தம் கூடுவதற்கு அவர் நீரில் எவ்வளவு ஆழம் இறங்க வேண்டும்? ஒரே ஒரு மீட்டர் போதும். பத்து மீட்டர் இறங்கிவிட்டால் அழுத்தம் இரு மடங்காகிவிடும். நீர் அத்துணை கனமான பொருள்.

அக்கனத்தின் கீழே, 1945-ஆம் ஆண்டு ஜூலை 31-ஆம் நாள், நான்கு பேர் ஓர் இரும்புக் குழாய்க்குள் அமர்ந்து, சிங்கப்பூர்த் தீவின் வடபுறத்திலுள்ள ஜோகூர் நீரிணைக்குள் பட்டப்பகலில் நுழைந்தனர். அங்கே நின்றிருந்த ‘தக்காவோ’ என்னும் ஜப்பானியப் போர்க்கப்பலுக்கு வெடி வைப்பதே அவர்கள் மேற்கொண்ட காரியம். அவர்கள் சென்ற கலத்தின் பெயர் ‘எக்ஸ்-ஈ 3’. பிரிட்டிஷ் கடற்படையின் சிறு நீர்மூழ்கிகளுள் அஃது ஒன்று.

சிங்கப்பூர் என்றவுடன் தமிழர் எவருக்கும் அயலூர் என்ற எண்ணம் தோன்றுவதில்லை. அந்த நீரிணையின் கரையில் பிரிட்டிஷார் 1920-களில் தொடங்கிப் பெரும் பொருட்செலவில் ஒரு கடற்படைத் தளம் அமைத்தார்கள். சதுப்பு நிலத்தை மேடாக்கியவர்களிலும், கப்பல் பழுதுபார்க்கும் துறைகளில் உழைத்தவர்களிலும் தமிழரும் மலையாளிகளும் பலர். 1938 பிப்ரவரியில் தளத்தின் பெருந்துறை திறந்து வைக்கப்பட்டது. சரியாக நான்கு ஆண்டுகள் கழித்து, 1942 பிப்ரவரி 15 அன்று, சிங்கப்பூர் ஜப்பானியர் வசமாயிற்று. கடல் வழியாக வரும் பகையை எதிர்பார்த்துக் கட்டிய கோட்டையை அவர்கள் மலாயாக் காடுகளின் வழியே, தரைமார்க்கமாக வந்து பிடித்துக்கொண்டார்கள். இங்ஙனம், பிரிட்டிஷார் தாம் கட்டிய துறைக்கே திருடரைப்போல் மறைந்து செல்ல வேண்டிய நிலை நேர்ந்தது.

துறைமுகத்தைக் காப்பது எப்படி என்று முதலில் பார்ப்போம். வாயிலில் கடலடி வரை தொங்கும் இரும்பு வலை. அதில் கப்பல்கள் வந்துபோக ஒரு கதவு. வெளியே கண்ணிவெடிகள். நீருக்குள் எழும் ஓசையைக் கரையிலிருந்தே கேட்டறியும் ஒலிவாங்கிகள். மேலே ரோந்துப் படகுகள். இவை அனைத்தும் பெரிய கப்பலைத் தடுக்க வல்லவை. சாதாரண நீர்மூழ்கி ஒன்று இப்படிப்பட்ட இடத்தில் நுழைய முடியாது. நுழைந்தாலும் ஆழம் போதாது. ஆகவேதான், ஆழமில்லாத நீரில் தரையை உரசிக்கொண்டு செல்லும் சிறு கலம் தேவைப்பட்டது.

எக்ஸ்-ஈ 3-இன் நீளம் சுமார் 53 அடி. அகலம் ஆறடிக்கும் குறைவு. முழு எடை 30 டன். நடுவில் நிற்கும் மனிதன்கூட நிமிர்ந்து நிற்க இயலாது. நீர்மேல் ஓட ஒரு டீசல் எந்திரம். நீருக்குள் ஓட மின்கலங்களும் மின்மோட்டாரும். நம் ஊர்ப் பேருந்தைவிட மிகுந்த வலிமையுள்ள எந்திரம் என்று எண்ணிவிடாதீர்கள். டீசல் எந்திரத்தின் ஆற்றல் 42 குதிரைத்திறனே. கலத்தின் ஒரு புறத்தில் இரண்டு டன் வெடிமருந்து நிரம்பிய பெட்டி. மறுபுறத்தில் ஆறு ஒட்டுவெடிகளைத் தாங்கிய சட்டம். ஒட்டுவெடி என்பது காந்தத்தின் துணையால் கப்பலின் இரும்பு உடலில் பற்றிக்கொள்ளும் வெடி. டார்பீடோ எதுவும் இக்கலத்தில் இல்லை. இலக்கின் அடியில் போய்ப் படுத்து, வெடிகளை அங்கே விட்டுவிட்டுத் திரும்ப வேண்டும்.

நான் மிகவும் வியப்பது இதிலுள்ள ஒரு சிறு அறையை. மூழ்குநர் வெளியேறுவதற்கான அறை அது. நீருக்கடியில் கதவைத் திறந்தால் வெள்ளம் உள்ளே பாயும் அல்லவா? ஆதலால் மூழ்குநர் அந்த அறைக்குள் புகுந்து கதவைச் சாத்திக்கொள்வார்; கலத்துக்குள்ளேயே உள்ள ஒரு தொட்டியின் நீர் மெல்ல அவ்வறைக்குள் இறைக்கப்படும். நீர் காலிலிருந்து தலைவரை ஏறும். அறை நிரம்பி, உள்ளும் புறமும் அழுத்தம் சமமானதும் மேல்மூடியைத் திறந்து அவர் வெளியே செல்வார். கடல்நீரை ஏற்காமல் உள்நீரையே பயன்படுத்துவது ஏன்? கலத்தின் மொத்த எடை மாறினால் அது தரையில் அழுந்திவிடும் அல்லது மேலெழும்பிக் காட்டிக்கொடுத்துவிடும். உள்நீர் ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்திற்கு மாறுவதால் எடை மாறுவதில்லை. மூழ்குநர் சுவாசிப்பது தூய ஆக்ஸிஜன். விட்ட மூச்சிலுள்ள கரியமில வாயுவை ஒரு வேதிப்பொருள் உறிஞ்சிக்கொள்ள, எஞ்சிய வாயு மீண்டும் நுரையீரலுக்கே வரும். குமிழிகள் மேலெழாமல் இருப்பதற்காக இந்த ஏற்பாடு. ஆனால் பத்து மீட்டருக்குக் கீழே சென்றால் அழுத்தம் மிகுந்து தூய ஆக்ஸிஜனே நஞ்சாகிவிடும்.

இவ்வகைப் போர் பிரிட்டிஷார் புதிதாகக் கண்டுபிடித்தது அன்று. 1941 டிசம்பரில் இத்தாலியர் அறுவர், குதிரைபோல் மேலே அமர்ந்து செலுத்தும் மனித டார்பீடோக்களில் அலெக்சாண்டிரியாத் துறைமுகத்துக்குள் புகுந்து, இரண்டு பிரிட்டிஷ் போர்க்கப்பல்களைச் செயலிழக்கச் செய்தனர். 1942 மே மாத இறுதியில் ஜப்பானியரின் சிறு நீர்மூழ்கிகள் மடகாஸ்கரின் டியேகோ சுவாரெஸ் துறையையும் ஆஸ்திரேலியாவின் சிட்னித் துறையையும் தாக்கின. நமக்கு அண்மையில், இலங்கைத் திருகோணமலையைத் தளமாகக் கொண்டிருந்த பிரிட்டிஷ் நீர்மூழ்கி ஒன்று, 1944 அக்டோபரில் இரண்டு மனித டார்பீடோக்களைச் சுமந்து சென்று, தாய்லாந்தின் புக்கெட் துறையில் இரு கப்பல்களுக்கு வெடி வைத்தது. ஒவ்வொரு நாடும் தன் எதிரியிடம் பாடம் கற்றது என்றே சொல்ல வேண்டும்.

இனி அந்த நால்வரிடம் வருவோம். தலைவர் லெப்டினன்ட் இயன் பிரேசர், வயது 24. கலத்தைச் செலுத்தியவர் நியூசிலாந்துக்காரரான ஸ்மித். எந்திரத்துக்குப் பொறுப்பு ரீட். மூழ்குநர் ஜேம்ஸ் மகென்னிஸ், வட அயர்லாந்தின் பெல்பாஸ்ட் நகரத்தவர். இவர் 1943-இல் நார்வேயில் ‘திர்பிட்ஸ்’ என்னும் ஜெர்மானியக் கப்பலைத் தாக்கச் சென்ற சிறு நீர்மூழ்கி ஒன்றிலும் பணியாற்றியவர். போர்னியோக் கரையிலிருந்து ‘ஸ்டிஜியன்’ என்ற பெரிய நீர்மூழ்கி இக்கலத்தைக் கயிறு கட்டி இழுத்து வந்தது. வழிநெடுகிலும் வேறொரு குழுவினர் அதை ஓட்டி வந்து, இலக்கை நெருங்கும்போது இந்நால்வரிடம் ஒப்படைத்தனர். ஜூலை 30 இரவில் கயிறு அவிழ்க்கப்பட்டது. துறைக்குள் செல்ல இன்னும் 40 மைல்.

பாதுகாப்பானது என்று கருதப்பட்ட வழியைப் பிரேசர் வேண்டுமென்றே கைவிட்டார்; அவ்வழியில் ஒலிவாங்கிகள் இருக்கக்கூடும் என்று ஐயுற்று, கண்ணிவெடி விதைத்த நீர்ப்பரப்பினூடே கலத்தைச் செலுத்தினார். காது கேட்கும் பகைவனைவிடக் குருட்டுக் கண்ணிவெடி மேல் என்பது அவர் கணக்கு. முற்பகலில் வலைக்கதவைக் கடந்தார்கள். நண்பகல் தாண்டியதும் தக்காவோ கண்ணில் பட்டது. இருநூறு மீட்டருக்கு மேல் நீளம். எட்டங்குலப் பீரங்கிகள் பத்து. எடையோ சிறு நீர்மூழ்கியைப்போல் ஐந்நூறு மடங்குக்குக் குறையாது.

கப்பலின் முன்முனையும் பின்முனையும் ஏறக்குறையத் தரை தட்டி நின்றன. நடுப்பகுதியின் அடியில் மட்டும் ஒரு பள்ளம். அங்கே எக்ஸ்-ஈ 3 நுழையப் போதுமான இடமே இருந்தது. முதல் முயற்சி பயனளிக்கவில்லை. பின்வாங்கி மீண்டும் வந்தார்கள். நாற்பது நிமிடம் சேற்றைக் கீறிக்கொண்டு ஊர்ந்து சென்று, ஒருவாறு கப்பலின் நடுவயிற்றின்கீழ் கலத்தைச் செருகினார் பிரேசர். மகென்னிஸ் வெளியேற முனைந்தபோது மேல்மூடி முழுதும் திறக்கவில்லை; மேலே தக்காவோவின் அடிப்பாகம் தடுத்தது. கிடைத்த இடுக்கின் வழியே அவர் உடலை நெளித்து வெளியே வந்தார்.

அதன்பின் வந்த இடையூறு எந்தத் தளபதியும் வரைபடத்தில் குறித்திராத ஒன்று. நெடுநாள் அசையாமல் நின்ற கப்பலின் அடியில் கொட்டலசு என்னும் சிறு கடலுயிரிகள் ஓட்டோடு அப்பிக் கிடந்தன, பாசியும் படர்ந்திருந்தது. காந்தம் இரும்பைத் தொட்டால்தானே ஒட்டும்! மகென்னிஸ் அவற்றைச் சுரண்டி எடுக்க வேண்டியதாயிற்று. அடிப்பாகம் சரிவாக இருந்தமையால் ஒட்டிய வெடிகளும் நழுவப் பார்த்தன. எனவே இரண்டிரண்டாகக் கயிற்றால் பிணைத்து அவற்றை நிறுத்தினார். அரை மணி நேர வேலை. சுவாசக் கருவியில் கசிவு ஏற்பட்டுக் குமிழிகள் மேலே சென்றுகொண்டிருந்தன. மேல்தளத்தில் நின்ற மாலுமி ஒருவன் குனிந்து பார்த்திருந்தால் இந்த வரலாறே வேறாகியிருக்கும். ஆறு வெடிகளையும் பொருத்திவிட்டுக் களைத்துச் சோர்ந்து அவர் திரும்பினார்.

இரண்டு டன் பெட்டி கழன்று விழுந்தது. கலமோ நகர மறுத்தது. கடல்நீர் வடிந்துகொண்டிருந்ததால் கப்பல் மெல்ல மெல்லத் தங்கள்மீது அமர்கிறதோ என்று நால்வரும் அஞ்சினர். எந்திரத்தை முன்னும் பின்னும் இயக்கிப் பெரும்பாடு பட்டு வெளியே வந்தால், மறுபுறத்து ஒட்டுவெடிச் சட்டம் கழலாமல் தொங்குவது தெரிந்தது. அதனோடு கலத்தைச் சீராகச் செலுத்துதல் அரிது. தாமே வெளியே செல்வதாகப் பிரேசர் கூறினார். மகென்னிஸ் அதற்கு இசையாமல், சற்றே மூச்சு வாங்கிக்கொண்டு, ஒரு பெரிய திருகுசாவியுடன் மீண்டும் வெளியேறி, ஏழு நிமிடம் போராடிச் சட்டத்தை விடுவித்தார். பட்டப்பகல், ஆழமற்ற நீர், தெளிந்த நீரும்கூட. வீரம் என்று நாம் எளிதாகச் சொல்லும் சொல்லுக்கு இந்த ஏழு நிமிடத்தை எடுத்துக்காட்டாகக் கூறலாம் என்பது என் கருத்து.

இன்னொரு கலமான எக்ஸ்-ஈ 1, ‘மியோக்கோ’ என்ற வேறொரு கப்பலைத் தாக்க வந்தது. வழியில் ரோந்துப் படகுகளால் தாமதமாகி, இலக்கை எட்ட நேரமில்லாமல் போகவே, அதன் தலைவர் ஸ்மார்ட் தம் வெடிமருந்தையும் தக்காவோவின் அடியிலேயே விட்டுச் சென்றார். பிரேசரின் வெடிகள் அங்கே கடிகாரம் ஓடியபடி கிடக்கும் என்பதை அறிந்தே அவர் அதை நெருங்கினார். இவருடைய துணிவைப் பற்றிப் பலரும் பேசுவதில்லை.

இரவு ஒன்பதரை மணிக்கு வெடித்தது. கப்பலின் அடியில் பெரும் பிளவு ஏற்பட்டது. கீழறைகளில் வெள்ளம் புகுந்தது. பீரங்கிகளைக் குறிபார்க்கும் கருவிகள் சேதமுற்றன. கப்பல் மூழ்கியதா? தரை தட்டி நின்ற கப்பல் எங்கே மூழ்கும்! தவிர, 1944 அக்டோபரிலேயே அமெரிக்க நீர்மூழ்கியின் டார்பீடோக்கள் தாக்கியதால் அது கடலோடும் ஆற்றலை இழந்து, விமான எதிர்ப்புப் பீரங்கி மேடையாக மட்டுமே அங்கு நிறுத்தப்பட்டிருந்தது. நேசநாடுகள் மலாயாமீது படையெடுக்கத் திட்டமிட்டிருந்தன. அப்போது அந்தப் பெரும் பீரங்கிகள் தரைப்படைமீது திரும்பக்கூடும் என்பதே தாக்குதலுக்குக் காரணம். ஆனால் ஆறு நாட்களில் ஹிரோஷிமாவில் அணுகுண்டு விழுந்தது. இரண்டு வாரத்தில் ஜப்பான் சரணடைந்தது. பிரேசருக்கும் மகென்னிஸுக்கும் விக்டோரியா சிலுவை என்னும் உயர்ந்த விருது கிடைத்தது. பிற்காலத்தில் பணமுடையால் மகென்னிஸ் தம் பதக்கத்தை விற்க நேர்ந்தது.

இச்செய்தியை எழுதும் ஆங்கில நூல்கள் ‘பகைவர் துறைமுகம்’ என்று குறிப்பிடுகின்றன. அந்நாளில் அங்கிருந்த தமிழரைக் கேட்டால் எவரைப் பகைவர் என்றிருப்பர்? தாக்குதலுக்கு மூன்று வாரங்களுக்கு முன்பு, ஜூலை 8-ஆம் நாள், அதே தீவின் தென்கரையில் நேதாஜி சுபாஷ் சந்திரபோஸ் இந்திய தேசிய ராணுவத்தின் மறைந்த வீரர்களுக்காக நினைவுச் சின்னத்திற்கு அடிக்கல் நாட்டினார். அந்தப் படையில் மலாயாத் தோட்டங்களிலிருந்து சேர்ந்த தமிழ் இளைஞர்களும் பெண்களும் இருந்தனர். அவர்களுக்குப் பகைவன் பிரிட்டிஷ்காரன். அதே தோட்டங்களிலிருந்து ஜப்பானியர் பிடித்துச் சென்ற ஆயிரக்கணக்கான தமிழர் சயாம் மரண ரயில் பாதையில் மாண்டனர். அவர்தம் குடும்பத்தாருக்குப் பகைவன் ஜப்பானியன். ஒரே வீட்டில் ஒரு மகன் படையிலும் மற்றொருவன் ரயில் பாதையிலும் இருந்திருக்கக்கூடிய காலம் அது. பெரிஸ்கோப்பின் வழியே பார்த்த பிரேசருக்கு இவற்றுள் ஒன்றும் தெரிந்திருக்க வாய்ப்பில்லை.

செப்டம்பரில் திரும்பி வந்த பிரிட்டிஷார் அந்த நினைவுச் சின்னத்தை வெடி வைத்துத் தகர்த்தனர். தக்காவோவை 1946 அக்டோபரில் மலாக்கா நீரிணைக்கு இழுத்துச் சென்று, குண்டுப் பயிற்சிக்கு இலக்காக்கி மூழ்கடித்தனர். தளத்தின் கப்பல் துறையோ 1968-இல் ஒரே ஒரு டாலர் பெயரளவு விலைக்குச் சிங்கப்பூர் அரசிடம் ஒப்படைக்கப்பட்டது. அங்கு உழைத்த தமிழர் செம்பவாங் பகுதியில் எழுப்பி வழிபட்ட பாலசுப்பிரமணியர் கோயில், பின்னர் அருகிலுள்ள யீஷூனுக்கு மாறியது. பங்குனி உத்திரத்தன்று அங்கே காவடிகள் இன்றும் புறப்படுகின்றன.